மிண்டாப் படம்

வாயை அடக்கத் தெரியாதவன் பேச்சில்லாத படத்தில் நடிக்க ஒப்புக்கொள்ளலாகாது. இவ்வுண்மையை அறுபத்தெட்டாம் வயதில், புதுக்கடை வாசகசாலை மண்டபத்தில், ஊரார் முன்னிலையில் அறிந்துகொண்டேன்.

என் தம்பி மகள் ஷைனி குறும்படம் எடுத்தாள். பேருந்து நிறுத்தத்தில் நாள்தோறும் சந்திக்கும் இரு முதியவர்களின் காதல், வசனமே கிடையாது, கண்களே யாவும் சொல்லவேண்டும். முதியவர் நான். (அழகுக்காகவன்று; வேறெவரும் அகப்படவில்லை.) காதலி, ஓய்வுபெற்ற லீலா டீச்சர்.

என் மனைவி ஞானம்மாள் இரண்டு நாள் யோசித்த பிறகே அனுமதித்தாள்.

"நோக்கணும்னா நோக்குங்க. ஆனா அவகிட்ட ஒரு வார்த்த மிண்டப்பிடாது, கேட்டியளா?"

"படமே மிண்டாப் படம், ஏட்டி!" என்று வாக்களித்தேன்.

படப்பிடிப்பிலோ என் கண்களில் காதல் வரவில்லை.

"பெரியப்பா, மீன் வெல கேக்குத மாதிரி நோக்காதீங்க!" என்றாள் ஷைனி.

பதற்றத்தில் ஓர் உபாயம் தோன்றிற்று. ஒலி பதிவாகாது, பின்னர் இசை மட்டுமே சேரும். ஆகவே எதையாவது மெல்லப் பேசினால் முகத்தில் பாவம் தானே வருமன்றோ? டீச்சரை நோக்கி மனமுருகிச் சொன்னேன்: "எனக்க வீட்டுல உள்ளவ இப்பிடிச் சிரிச்சு நான் ஒருநாளும் கண்டதில்ல."

டீச்சர் நாணினார். "உதடு அசையுது, இருந்தாலும் முகம் சூப்பர்!" என்று ஷைனி துள்ளினாள்.

திரையிடலுக்கு ஞானம்மாள் தன் தோழியர் பதினொருவரைப் பெருமையோடு அழைத்துவந்து முன்வரிசையில் அமர்த்தினாள். அனைவரும் அவளோடு இருபது ஆண்டுகள் அண்டியாபீசில் முந்திரிக்கொட்டை உடைத்தவர்கள். நூற்றுக்கணக்கான கட்டைகள் ஒருசேரத் தட்டும் அவ்விடத்தில் காது பயன்படாது. உதட்டைப் பார்த்தே ஊர்க்கதை முழுவதும் பேசித் தீர்த்தவர்கள். (இச்செய்தி எனக்கு அப்போதுதான் நினைவுக்கு வந்தது.)

என் முகம் திரை நிறைய வந்தது. வயலின் இழைந்தது. முன்வரிசையில் பன்னிரண்டு தலைகள் முன்னே சாய்ந்தன. ஒருத்தி உரக்க வாசித்தேவிட்டாள்: "எனக்க வீட்டுல உள்ளவ..."

மண்டபம் சிரிப்பில் அதிர்ந்தது. ஞானம்மாள் மட்டும் சிரிக்கவில்லை. முந்தானையைச் சரிசெய்துகொண்டு எழுந்து சென்றாள். வாசலுக்கு ஓடி, "நடிப்புதானே, ஏட்டி" என்றேன்.

"மிண்டாதீங்க."

தனியாகவே வீட்டுக்கு நடந்தாள்.

இப்போது பேசுகிறாள். ஆயினும் கோபம் வந்தால் ஒலியின்றி உதட்டை மட்டும் அசைக்கிறாள். மகளும் பேரப்பிள்ளைகளும் அவளிடம் பயின்று, வாசித்து, உருண்டு சிரிக்கின்றனர். "என்னதான் சொல்லுதா?" என்று நான் கெஞ்சினால், "படம் நடிச்சவருக்குத் தெரியாதா?" என்கிறார்கள்.

நாற்பத்தோராண்டு அந்த முகத்தோடு வாழ்ந்தும், எனக்கு மட்டும் ஓரெழுத்தும் வாசிக்க வரவில்லை.