பதினெட்டு மில்லி தாடி

வெர்னியர் வைத்து அளந்து தாடி வளர்த்த மனிதன் உலகத்திலேயே ஒருவன்தான். அவன் என் ஷிஃப்டில் வேலை பார்த்தான்.

1991-இல் ஒரகடம் பக்கம் ஒரு சின்ன லேத் பட்டறையில் நான் சூப்பர்வைசர். போல்ட்டின் தடிமனை அளக்கிற வெர்னியர் கருவி எந்நேரமும் அவன் மேல்பாக்கெட்டில் இருக்கும். அதனால் அவன் பெயரே வெர்னியர். அப்பா அம்மா வைத்த பெயர் எனக்கு மறந்தே போய்விட்டது.

அவன் ஒரு படத்தின் கதாநாயகன். பெரிய கம்பெனிப் படமெல்லாம் இல்லை. இரவல் கேமராவைத் தூக்கிக்கொண்டு சென்னையிலிருந்து ஒரு டைரக்டர் பஸ்ஸில் வருவார். பிலிம் கிடைத்த ஞாயிற்றுக்கிழமை வடக்குப்பட்டு ஏரிக்கரையில் ஷூட்டிங். கிடைக்காவிட்டால் ஆறு மாதம் சும்மா. கதையோ ஒரே நாளில் நடக்கிற கதை. ஆகவே வெர்னியர் இரண்டு வருடமாக அதே நாளில் இருந்தான். அதே சட்டை, அதே தாடி.

தினமும் டீ டைமில் கண்ணாடி முன்னால் நின்று அளப்பான். "பதினெட்டு மில்லி இருக்கணும் சார். அரை மில்லி ஏறிகினு கீது" என்று கத்தரியைத் தேடுவான்.

வாலாஜாபாத்தில் பெண் பார்க்கப் போனான். "தாடிய எடுத்துட்டா நாளைக்கே பேசி முடிச்சிடலாம் மாப்ள" என்றார் பெண்ணின் அப்பா. "படம் முடியட்டும் மாமா" என்று சொல்லிவிட்டுத் திரும்பினான். சம்பந்தம் போயிற்று. பஜ்ஜி நன்றாக இருந்ததாம்.

ஆயுத பூஜை வந்தது. நமக்கு ஆர்டர் கொடுக்கிற பெரிய கம்பெனி ஆட்கள் வருகிறார்கள், லைனில் ஒருத்தனும் தாடியோடு நிற்கக் கூடாது என்று முதலாளி சொல்லி அனுப்பினார். வெர்னியர் என் மேஜைக்கு வந்தான்.

"ஒரே சீன் பாக்கி சார். வர்ற ஞாயித்துக்கெழம. க்ளோசப்பு. பூஜையன்னிக்கு லீவு குடுத்துடுங்க சார்."

"எல்லாரும் இருக்கணுமாம்யா. இன்னா பெரிய க்ளோசப்பு?"

"படத்துல இவன் நெலம் பூடுச்சின்னு வந்து சொல்றாங்க சார். இவன் சிரிக்கிறான். இப்டி."

சிரித்தான். சிரித்துக்கொண்டே இருந்தான். கண் மட்டும் தனியாக நிறைந்தது. என் பேனா பாதி எழுத்தில் நின்றுவிட்டது.

பிறகு சூப்பர்வைசர் பேச வேண்டியதை நான் பேசினேன். "சினிமா சோறு போடாதுய்யா. எடுத்துட்டு வா."

எடுத்துவிட்டு வந்தான். ஞாயிற்றுக்கிழமை கடைசி ரோலோடு வந்த டைரக்டர், மொழுமொழுவென்று நின்றவனைப் பார்த்து ஏரிக்கரையிலேயே உட்கார்ந்துவிட்டாராம். கூத்துக்காரர்களிடம் வாங்கிய ஒட்டுத்தாடி காற்றடித்து ஏரிக்குள் போய்விட்டது. வேறு வழியில்லாமல் முகத்துக்குப் பதில் அவன் முதுகைப் படம் எடுத்தார்கள்.

படத்தைச் சென்னையில் ஒரு சின்ன அரங்கில் ஒரே ஒரு முறை காட்டினார்கள். என்னையும் அழைத்துப்போனான். கடைசிக் காட்சியில், முன்வரிசைக் கண்ணாடிக்காரர் ஒருவர், "மூஞ்சியக் காட்டாம விட்டான் பாருங்க, அங்கதான் நிக்கிறான் டைரக்டர்" என்று பக்கத்து ஆளிடம் உருகினார். வெர்னியர் என் காதருகே குனிந்தான். "முதுகு நல்லா பண்ணிக்கீது இல்ல சார்?"

குரலில் துளி கோபம் இல்லை. அதுதான் எனக்கு இன்னும் ஆறவில்லை.

அதற்கப்புறம் அவன் நடிக்கவில்லை, தாடியும் வளர்க்கவில்லை. அந்த க்ளோசப்பைப் பார்த்தவன் உலகத்திலேயே நான் ஒருவன்தான். அன்றைக்குப் பேனாவைக் கீழே வைத்துவிட்டுக் கை தட்டியிருக்க வேண்டும்.