அழுது காட்டினால்தான் உள்ளே

தம்பானூர்,
ஞாயிற்றுக்கிழமை.

மரியாதைக்குரிய டைரக்டர் தம்பி நவநீத் அவர்களுக்கு, சித்தாள் சுடலைமாடத்தி வணக்கம் சொல்லி எழுதுவது. இங்கே நான், என் வீட்டுக்காரர் வன்னியராஜ், கூட வேலை பார்க்கும் கலைச்செல்வி எல்லோரும் சௌக்கியம். வலியசாலையில் உங்கள் அப்பா அம்மாவும் சௌக்கியமாக இருக்கட்டும். அவர்கள் மேல் எனக்கு ஒரு கோபமும் இல்லை. உங்கள் மேல்தான்.

நாலு நாள் எங்கள் சைட்டில் கேமராவை வைத்துக்கொண்டு, "அக்கா, சிரிக்காதீங்க, கஷ்டத்தை நினைச்சுக்கோங்க" என்றீர்கள். சாந்துச் சட்டியோடு மூணு மாடி ஏறுகிறவள் கஷ்டத்தைத் தனியாக வேறு நினைக்க வேண்டுமா? கலைச்செல்வி பக்கத்தில் நின்று எதையாவது சொல்லுவாள், எனக்குச் சிரிப்பை அடக்க முடியாது, நீங்கள் தலையில் கை வைப்பீர்கள், நான் மறுபடி இறங்கி மறுபடி ஏறுவேன். பதினோரு தடவை! கடைசியில் கால்வலி தாங்காமல் முகம் சுருங்கியதே, அதைத்தான் போஸ்டர் போட்டிருக்கிறீர்கள். அது போன் வழியாக ஊருக்குப் போய், என் அண்ணன் பேச்சிமுத்து துக்கம் கேட்கக் கூப்பிட்டார். எடுத்தது என் வீட்டுக்காரர். "நீங்க உயிரோட இருக்கியளா மாப்ளே?" என்றாராம்.

அதுகூடப் போகட்டும். நேற்று உங்கள் படம் போடும் ஹாலுக்கு நானும் கலைச்செல்வியும் பட்டுச் சேலை கட்டி, தலை நிறையப் பிச்சிப்பூ வைத்து வந்தோம். வாசலில் மலையாளத்துச் செக்யூரிட்டி, "பாஸ் உண்டோ?" என்றார். உங்களுக்குப் போன் போட்டால் ஸ்விட்ச் ஆஃப். ஆள் உயரப் போஸ்டரைக் காட்டி, "இது நான்தான் சேட்டா" என்றேன். போஸ்டரைப் பார்த்தார், என்னைப் பார்த்தார். "இது நிங்களல்ல. ஈ சேச்சி பாவம்" என்றார். படத்தில் இருக்கிற அக்கா பாவப்பட்டவளாம். அதன் பக்கத்தில் நின்று அழுது காட்டச் சொன்னார். மூஞ்சியைச் சுருக்கினேன் தம்பி. கலைச்செல்வி சிரித்துவிட்டாள், நானும் சிரித்துவிட்டேன், "அப்போ நிங்களல்ல" என்று கதவைச் சாத்திவிட்டார். உள்ளே என் குரல் கேட்டது, ஜனங்கள் கை தட்டினார்கள், நான் வெளியே நின்றேன். எனக்கு ஆத்திரம் ஆத்திரமாக வந்தது.

நான் ஏழைதான், மறைக்கவில்லை. ஆனால் என் சிரிப்பும் என்னுடையதுதானே, அதை வெட்டிப் போட நீங்கள் யார்? நான் சிரித்த பத்துத் தடவையும் உங்களிடம் இருக்கிறது. ஒன்றையாவது படத்தில் சேர்த்து, போஸ்டரையும் மாற்றுங்கள். அதுவரை எங்கள் சைட்டுக்குள் ஒரு கேமராவும் நுழையக் கூடாது. நுழைந்தால் அதன் மேல் சாந்துதான்.

நீங்கள் இன்னும் நூறு படம் எடுத்து, நல்ல பெண்ணாகப் பார்த்துக் கட்டி, நன்றாக இருக்க வேண்டும். இது மனசாரச் சொல்வது.

இப்படிக்கு,
போஸ்டரில் இல்லாத
சுடலைமாடத்தி

பி.கு.: கேமரா நுழையக் கூடாது என்றேனே, அதை விட்டுவிடுங்கள். நீங்கள் எங்களை எடுத்த நாலு நாளும் கலைச்செல்வி உங்களைப் போனில் வீடியோ எடுத்திருக்கிறாள். என் பத்துச் சிரிப்பும் அதில் இருக்கிறது, நீங்கள் ஒன்றும் தர வேண்டாம். அடுத்த ஞாயிறு எங்கள் தெருவில் திரை கட்டி அதைப் போடுகிறோம். செக்யூரிட்டி சேட்டனையும் கூப்பிட்டாயிற்று. எங்கள் போஸ்டருக்கு உங்கள் முகம்தான் வேண்டும். நாளைக் காலை சைட்டுக்கு வந்து சட்டியோடு மூணு மாடி ஏறுங்கள். பழைய சட்டை போதும். சிரிக்காதீங்க தம்பி.