கை தூக்கியவர்கள் காப்பாற்றப்படுவார்கள்

தண்ணீரில் இருப்பவர் கையைத் தூக்கினால் அவர் மூழ்கிக்கொண்டிருக்கிறார் என்று பொருள். பல நாடுகள் கலந்துகொண்ட அந்த விளையாட்டுப் பெருவிழாவில், நீச்சல்குளத்துக்கான முதல் பாதுகாப்பு விதி இதுதான். நல்ல விதி. யாரும் குறை சொல்ல முடியாது. அரையிறுதி வரை அதை யாரும் படித்திருக்கவில்லை என்பதால் நீந்தியபடியே பந்தை எறிந்து கோல் போடும் பெண்கள் வாட்டர் போலோ ஆட்டங்களும் நன்றாகவே நடந்துவந்தன.

இறுதி ஆட்டத்துக்கு மந்திரி வருகிறார் என்றதும் பாதுகாப்பு அதிகாரி ஒருவர் நியமிக்கப்பட்டார். அவர் படித்துவிட்டார்.

இது இறுதிக்கு வந்திருந்த நம் நாட்டு அணியின் கோல்கீப்பருக்குத் தெரியாது. அவளைத் தோழிகள் 'கதவு' என்று கூப்பிடுவார்கள். அவளைத் தாண்டிப் பந்து போகாது. இதற்கு முன் இரண்டு பெருவிழாக்களிலிருந்து வெறுங்கையோடு வீடு திரும்பியவள். தோள்மூட்டு இன்னொரு போட்டியைத் தாங்காது என்று மருத்துவர் சொல்லிவிட்டார். இன்று விட்டால் தங்கம் இனி இல்லை.

ஆட்டம் தொடங்கியது. எதிரணிக்காரி ஒருத்தி கையைத் தூக்கிப் பந்தை எறிந்தாள். கதவு இரண்டு கையையும் தூக்கித் தடுத்தாள். உடனே நீளமான விசில். நாலு உயிர்காப்பாளர்கள் குளத்தில் குதித்தார்கள்.

"விடுங்கய்யா! நான் மூழ்கல!"

"பேசாதீங்கம்மா, தண்ணி உள்ள போயிடும்."

ஆபத்தில் இருப்பவரை அங்கீகரிக்கப்பட்ட படிக்கட்டுக்கு நேர்கோட்டில் கொண்டுசெல்ல வேண்டும் என்பது இரண்டாம் விதி. அங்கீகாரம் பெற்ற ஒரே படிக்கட்டு எதிரணியின் கோலுக்குப் பின்னால் இருந்தது. ஆகவே குளத்தின் முழு நீளத்துக்கும் அவளை இழுத்துப்போய், கோலுக்குள் நுழைத்து, வலையை விலக்கிக் கரையேற்றினார்கள். கம்பளியும் போர்த்திவிட்டார்கள். பந்தை எறிந்தவள் முன்பே காப்பாற்றப்பட்டுப் பக்கத்தில் படுத்திருந்தாள். அவளுக்கும் கம்பளி.

கதவின் பயிற்சியாளர் அம்மாள் அதிகாரியிடம் ஓடினாள்.

"சார், கையைத் தூக்காம இதை எப்படி ஆடறது?"

"அதை நீங்கதான் யோசிக்கணும். ஆட்டம் உங்க துறை. கை எங்க துறை."

"இந்தப் பொண்ணுங்க எல்லாம் மீன் மாதிரி நீந்துவாங்க சார்."

"அதாம்மா ஆபத்தே! நீந்தத் தெரியாதவன் யாராவது நடுக்குளத்துக்குப் போறானா? என்னையே பாருங்க, இத்தனை வருஷத்துல ஒரு தடவைகூட மூழ்கினதில்லை."

பயிற்சியாளர் குளத்தோரம் திரும்பி ஓடி, கையை வெளியே எடுக்காதீர்கள் என்று பெண்களிடம் கத்தினாள்.

உடல் தேறியதாகச் சான்று பெற்றுக் கதவு குளத்துக்குத் திரும்பியபோது ஆட்டமே மாறியிருந்தது. இரண்டு அணிகளும் கைகளைத் தண்ணீருக்குள் ஒளித்துக்கொண்டு, பந்தைத் தாடையால் தள்ளிக்கொண்டிருந்தன. மறந்துபோய்க் கையைத் தூக்கியவர்கள் ஒவ்வொருவராகக் கரையேறினார்கள். இரு தரப்பிலும் கோல் விழவில்லை. கூட்டம் மட்டும் ஒவ்வொரு மீட்புக்கும் எழுந்து நின்று கைதட்டியது.

"யாருய்யா ஜெயிக்கிறாங்க?" என்று மந்திரி கேட்டார்.

"நம்ம பாதுகாப்புத் துறைங்க" என்றார் பக்கத்தில் இருந்த உதவியாளர்.

ஆட்டம் முடியும் தறுவாயில் பந்து மிதந்து மிதந்து கதவின் மடியில் வந்து விழாத குறையாக நின்றது. அவள் அதைப் பார்த்தாள். எதிர்முனையில் இருந்த கோலைப் பார்த்தாள். சற்று முன் அதற்குள் தான் போய்வந்ததை நினைத்தாள். அப்போது பந்துதான் கூட வரவில்லை.

பந்தை ஒரு கையால் நெஞ்சோடு அணைத்துக்கொண்டு மறுகையை உயரத் தூக்கினாள்.

"ஐயோ! காப்பாத்துங்க!"

அணித் தலைவி பதறிப்போய் நீந்தி வந்தாள். "அக்கா, என்னாச்சு?"

"மூழ்கறேண்டி! வழியை விடு!"

உயிர்காப்பாளர்களுக்குச் சந்தோஷம் தாங்கவில்லை. அன்று ஒத்துழைத்த முதல் ஆள் அவள்தான். எதிரணிப் பெண்கள் விஷயம் புரிந்து குறுக்கே பாய்ந்தார்கள்.

"மீட்புப் பணிக்கு இடையூறு செய்யாதீர்கள்!" என்று அதிகாரி ஒலிபெருக்கியில் முழங்கினார். அவர்கள் ஒதுங்கினார்கள். உயிர்காப்பாளர்கள் கதவை நேர்கோட்டில் இழுத்துச்சென்று, பந்தும் கையுமாகக் கோலுக்குள் சேர்த்தார்கள்.

நடுவர் விதிகளை நன்றாகப் புரட்டிப் பார்த்தார். மூழ்குகிறவள் கோல் போடக் கூடாது என்று எங்கும் எழுதியிருக்கவில்லை.

கதவுக்குத் தங்கம் கிடைத்தது. அதிகாரிக்குப் பதவி உயர்வு கிடைத்தது. படமெடுப்பவர்கள் எவ்வளவு கெஞ்சியும் வென்ற பெண்களில் ஒருத்தியும் கையை உயர்த்தவில்லை.

அதன் பிறகு உலகம் சும்மா இருக்குமா? நாட்டுக்கு நாடு மூழ்குதல் பயிற்சி நிலையங்கள் திறந்தார்கள். பெற்றோர் பிள்ளைகளை நீச்சல் வகுப்பிலிருந்து நிறுத்தி அங்கே கொண்டுபோய்ச் சேர்த்தார்கள். கொளுத்தும் வெயிலில் மீட்புக் கம்பளியைத் தோளில் போட்டுக்கொண்டு கடைத்தெருவுக்குப் போவது நாகரிகமாயிற்று. கதவைத் தேசியத் தேர்வுக் குழுவின் தலைவியாக்கினார்கள்.

முதல் தேர்வுக்கு ஒரு சிறுபெண் வந்தாள். தண்ணீரைக் கிழித்துக்கொண்டு நீந்தினாள். இடுப்புவரை எழும்பி, கையை வீசிப் பந்தை எறிந்தாள். வலை அதிர்ந்தது. ஒரு கணம் கதவின் கைகள் தாமாகவே மேலே எழப் பார்த்தன. அவள் அவற்றை மேஜைக்கு அடியில் வைத்துக்கொண்டாள்.

"எத்தனை நாளா பழகறே?"

"சின்ன வயசுலேர்ந்து, மேடம்."

"நீச்சல் எல்லாம் நல்லாத்தான் இருக்கு. ஆனா மூழ்க வரலியே கண்ணு" என்றாள் கதவு. "அடுத்த ஆளை வரச் சொல்லு."