ஊரைக் காப்பாற்றிய வறீதேட்டன்

சினிமாவில் தப்புக் கண்டுபிடிக்கிறவர்கள் எங்கேயும் இருக்கிறார்கள். நான் அவர்களைச் சொல்லவில்லை. எங்கள் திருச்சூர்ப் பக்கத்தில் ஊர்க்காவலர் என்று ஓர் இனம் உண்டு. கதாநாயகன் செத்தால் இவர்களுக்குக் கண் கலங்காது. திருச்சூர்க்காரன் கோட்டயத்துக்காரனைப் போல இழுத்துப் பேசிவிட்டால் நெஞ்சைப் பிடித்துக்கொள்வார்கள். சர்ச் பெருநாள் காட்சியில் செண்டைக்காரர் நிற்கும் வரிசையைப் பார்ப்பார்கள், வேட்டிக் கரையைப் பார்ப்பார்கள், மீன் குழம்பில் கிடப்பது புளியா மாங்காயா என்று எட்டிப் பார்ப்பார்கள். கதை என்ன என்று கேளுங்கள், தெரியாது. வீட்டில் இன்று என்ன குழம்பு? அதுவும் தெரியாது.

பக்கத்து வீட்டு வறீதேட்டன் இந்த இனத்துக்குத் தலைவர். மனுஷர் நல்லவர்தான், இல்லையென்று யாரும் சொல்ல வேண்டாம்.

போன வருஷம் எங்கள் தெருவுக்கே படம் எடுக்க வந்தார்கள். நிஜ ஊர், நிஜ முகம், பவுடர் கூடாது; இப்போதெல்லாம் அப்படித்தான். வறீதேட்டன் மனைவி ரோசிலியைச் சாவு வீட்டுக்காரியாக நிற்கவைத்து, மீன் குழம்பு ஊற்றிக்கொண்டே ஒரு வரி பேசச் சொன்னார்கள்: "சாப்பிடு மோனே, அழுறதுக்கும் தெம்பு வேணும்ல." அவ்வளவுதான். அதை அவள் மாவாட்டும்போதும் சொன்னாள், ஜெபமாலை உருட்டும்போதும் சொன்னாள், குவைத்திலிருக்கும் மகளுக்குப் போனிலும் சொல்லிக் காட்டினாள்.

படம் எடுக்கும் அன்று வறீதேட்டன் படப்பிடிப்புக்குள் புகுந்து, அடக்கம் முடிந்த வீட்டில் அன்றைக்கே மீனா என்று கேட்டார். அப்படியானால் கஞ்சியும் பயறும் ஊற்றுகிறேனே என்று ரோசிலி அவசரமாகச் சொன்னாள். அதை அக்கம்பக்கத்தார்தான் ஊற்றுவார்கள், வீட்டுக்காரி ஊற்ற மாட்டாள் என்றார் இவர். டைரக்டரும் அதே இனம், தாடி மட்டும் அதிகம். வறீதேட்டனின் கையைப் பிடித்துக்கொண்டு நன்றி சொன்னார். ரோசிலியை நகரச் சொல்லிவிட்டு, எரியாத அடுப்பை மட்டும் படம் பிடித்தார்கள்.

படம் வந்தது. தியேட்டரில் ஊரே உட்கார்ந்திருக்க, திரை முழுக்க அந்த அடுப்பை வெகுநேரம் காட்டினார்கள். வறீதேட்டன் துண்டால் கண்ணைத் துடைத்துக்கொண்டார்.

"பாத்தியாடி? அப்படியே நம்ம வீடு."

"ஆமா," என்றாள் ரோசிலி. "அங்கயும் என்னைப் பேச விடல."

அவர் கொஞ்சம் யோசித்துவிட்டு, சாம்பல் நிறம் மட்டும் சரியில்லை என்றார்.

இதைப் படித்துக்கொண்டே, 'திருச்சூரில் அப்படிப் பேச மாட்டார்களே' என்று உங்கள் நாக்கு துறுதுறுக்கிறதா? திருத்துங்கள், நான் கோபித்துக்கொள்ள மாட்டேன். அதற்கு முன் பக்கத்தில் இருப்பவரை ஒருதரம் பாருங்கள். ஏதோ சொல்ல வாயெடுத்துவிட்டு, நீங்கள் முடிப்பதற்காக அவர் வெகுநேரமாகக் காத்திருக்கக்கூடும்.