டேவணிக்குப் போன படகு

ஏலம் விடத் தெரிந்தவருக்கு ஆளவும் தெரியும் என்று நம்பிய நாடு ஒன்று இருந்தது. பெயர் முத்திரையூர். அங்கே ஆற்றுத்துறை, சந்தை, சுடுகாடு எல்லாம் ஆண்டுக்கொரு முறை ஏலத்துக்கு வரும். சிம்மாசனம் ஐந்தாண்டுக்கொரு முறை. ஏலம் கேட்பவர் முன்னதாக டேவணி கட்டவேண்டும். வேலையை ஒழுங்காக முடித்தால் அது திரும்பக் கிடைக்கும்.

பணமாகக் கட்டிய டேவணியையெல்லாம் கஜானாவில் எலி தின்றுவிட்டது என்று தெரியவந்தபோது, ஏல மந்திரி புதுச்சட்டம் கொண்டுவந்தார். எந்தக் கருவியால் வேலை நடக்குமோ அந்தக் கருவியையே டேவணியாக வைக்கவேண்டும். “எலி படகைத் தின்னாது, தராசைத் தின்னாது” என்று அவர் விளக்கியதும் சபை மேசையைத் தட்டியது.

மருதையன் துறையில் படகு ஓட்டுகிறவன். அவனுக்கு இருந்தது ஒரே படகு. பெற்ற பிள்ளையைவிட அதன்மேல்தான் பிரியம் என்று மனைவி பச்சைநாச்சி குறைப்படுவாள், அது பொய்யுமில்லை. துறை ஏலம் அவன் பெயருக்கே முடிந்தது. படகைக் கஜானாவில் ஒப்படைத்து, ரசீதை மடியில் முடிந்துகொண்டு வந்தான்.

ஏழாம் நாள் ஓலை வந்தது. பணியை இன்னும் தொடங்காதது ஏன் என்று கேட்டிருந்தார்கள். மருதையன் கஜானா அதிகாரியிடம் ஓடினான்.

“படகு உங்ககிட்டதானே சாமி இருக்கு. குடுத்தீங்கன்னா இப்பவே ஓட்டிருவேன்.”

“வேலையை முடியுங்கள், தருகிறோம்.”

“படகு இல்லாம எப்படிங்க முடிக்கிறது?”

“அது ஒப்பந்ததாரரின் சொந்த விவகாரம். அரசு அதில் தலையிடுவது முறையாகாது” என்றார் அதிகாரி, மிகுந்த பணிவுடன்.

அக்கரை ஜனங்கள் இடுப்பளவுத் தண்ணீரில் இறங்கிச் சந்தைக்கு வந்தார்கள். அரச சாலையை நனைத்ததற்காக அவர்களுக்கு ஈரவரி போடப்பட்டது. சந்தைக் குத்தகைக்காரர் தராசை டேவணி வைத்திருந்ததால், அவர்கள் வாங்கிய அரிசியும் கண்மதிப்பில்தான் கிடைத்தது.

மருதையன் வழக்குப் போட்டான். வழக்குக்கும் டேவணி உண்டு. மிச்சமிருந்த துடுப்பை வைத்தான். வக்கீல் திருமலைக்கொழுந்தும் சட்டப்படி தன் தொழிற்கருவியை வைக்கவேண்டியிருந்தது. அவர் தொழிற்கருவி வாய். அரக்கு முத்திரை வைத்த துணியால் வாயைக் கட்டிக்கொண்டு, விசாரணை முழுக்கக் கையை மட்டும் ஆட்டினார்.

“வாதி தரப்பில் யாரும் எதுவும் சொல்லவில்லை என்பதைக் கவலையோடு பதிவுசெய்கிறோம்” என்று நீதிபதி தீர்ப்பை வாசித்தார். “வேலையைத் தொடங்காததால் படகு அரசுக்குச் சேரும். மேல்முறையீட்டுக் காலம் முடியும்வரை துடுப்பு இங்கேயே இருக்கும்.”

மருதையன் நீதிமன்ற வாசலில் உட்கார்ந்து வெட்கமில்லாமல் அழுதான். வக்கீல் அவன் முதுகைத் தடவினார். அதற்குமேல் அவரால் என்ன செய்யமுடியும்?

அடுத்த மாதம் சிம்மாசன ஏலம் வந்தது. அரசர் பூபாலநேசர் புதுச்சட்டத்துக்கு முன்பே, போன தடவை, பணத்துக்குப் பதிலாகத் தன் வாக்குறுதிகளை ஓலையில் எழுதி, மூட்டை கட்டி, முத்திரையிட்டு டேவணியாக வைத்திருந்தார். முத்திரையை உடைக்கக்கூடாது என்பதால்தான் ஐந்தாண்டில் ஒன்றைக்கூட எடுத்துச் செய்யமுடியவில்லை.

“முத்திரை கலையவே இல்லை பிரபு. இந்தத் தடவைக்கும் இதையே வைக்கலாம்” என்றார் அதிகாரி.

அக்கரை ஜனங்களிடம் காட்ட மூட்டையோடு அரசரே கிளம்பினார். ஆற்றில் புதுவெள்ளம். அரசுடைமையான படகை வெளியே எடுத்து, ஓட்டுவதற்கு மருதையனைக் கூப்பிட்டார்கள். படகைக் கண்டதும் அவன் அதன் பக்கப்பலகையைத் தடவிக்கொடுத்தான்.

“துடுப்பு கோர்ட்டுல இருக்குங்க. இப்ப தள்ளாதீங்க” என்றான்.

“மகாராஜா ஏறினால் ஆறே கொண்டுபோய்ச் சேர்க்கும்” என்று சொல்லிவிட்டு ஏல மந்திரியும் அரசரோடு ஏறிக்கொண்டார். சேவகர்கள் தள்ளிவிட்டார்கள்.

நடு ஆற்றில் படகு ஒரு சுற்றுச் சுற்றியது. பிறகு பக்கத்து நாட்டு எல்லையைப் பார்த்து நிதானமாகக் கிளம்பியது. படகு பாறையில் மோதிவிடுமோ என்ற பதைப்பில் மருதையன் கரையோரமாகவே ஓடினான். ராஜாவைப் பற்றி அவனுக்குப் பெரிய கவலை ஒன்றுமில்லை.

“துடுப்பைக் கொண்டுவா” என்று அரசர் கத்தினார்.

“மனு போடணும் மகாராஜா. டேவணி என்ன வைக்கிறீங்க?”

அரசர் சுற்றிப் பார்த்தார். மூட்டைதான் இருந்தது. உள்ளிருந்து ஏதாவது ஒன்றைக் கொடுக்கலாம் என்று அவசரமாக முத்திரையை உடைத்தார். ஓலைத்தூள் கொட்டியது. அதன் பின்னால் கொழுத்த எலி ஒன்று குதித்து மந்திரியின் மடியில் உட்கார்ந்தது.

“எலி படகைத் தின்னாதுன்னு நீங்கதானே சாமி சொன்னீங்க” என்றான் மருதையன், மூச்சிரைக்க ஓடிக்கொண்டே. “பயப்படாமப் போங்க.”