ஒத்த லைட்டு வீடு

கரண்டுக் கணக்கெடுக்கும் இம்மானுவேல் தெருமுனையில் சைக்கிளை ஸ்டாண்டு போட்ட சத்தம் கேட்டபோது, ஒச்சாண்டி அடுப்படியில் எரிந்துகொண்டிருந்த பல்பைத் துண்டால் பிடித்துத் திருகிக்கொண்டிருந்தார். பல்பு வருவேனா என்றது.

அது அங்கே இருக்கக் கூடாத பல்பு.

சுருளிப்பட்டியில் அவருடையது கூரை வீடு. கூரை வீட்டுக்கு அரசாங்கம் ஓசியில் கரண்டு கொடுத்திருந்தது. வீட்டுக்கு ஒரு பல்பு, நாற்பது வாட், காலணா கட்ட வேண்டாம். ஊரில் அதற்கு ஒத்த லைட்டு சர்வீஸ் என்று பேர். ரெண்டாவது பல்பு எரிவது தெரிந்தால் முதல் பல்பையும் பிடுங்கிக்கொண்டு போய்விடுவார்கள் என்பது டீக்கடையில் எல்லோரும் ஒத்துக்கொண்ட சட்டம்.

ஒச்சாண்டி வீட்டில் அந்த ஒத்த லைட்டு முன்னறையில் தொங்கியது. அதற்குக் கீழே உட்கார்ந்து அவர் முந்தாநாள் பேப்பரைச் சத்தம் போட்டுப் படிப்பார். சுவருக்கு அந்தப் பக்கம் ராமுத்தாய் இருட்டில் நின்று சமைப்பாள். சேதிக்கு ஒரு ‘ம்’ போடுவாள். பதினோரு வருசம் இப்படி நன்றாகத்தான் போனது. போன வருசம் சித்திரையில், கூட்டாளிகள் நாலு பேர் சாப்பிட வந்திருந்த அன்று, பாயசத்தில் சீனிக்குப் பதிலாக உப்பு விழுந்தது.

“பாத்தீகளாப்பா எம்பொண்டாட்டி கைப்பக்குவத்த!” என்று நாலு பேர் முன்னால் சிரித்தார் ஒச்சாண்டி.

ராமுத்தாய் மஞ்சப்பையில் ரெண்டு சேலையைத் திணித்தாள்.

“கண்ணத் தொறந்தாலும் மூடுனாலும் ஒண்ணா இருக்கிற எடத்துல நிக்கிறவளுக்கு உப்பு எது சீனி எதுன்னு எப்படித் தெரியும்? பேப்பருக்கு லைட்டு வேணும், பொண்டாட்டிக்கு வேணாம். அடுப்படியில என்னைக்கு லைட்டு எரியிதோ, அன்னைக்கு வாறேன்.”

குச்சனூர் பஸ் அன்றைக்குப் பார்த்து நேரத்துக்கு வந்து தொலைத்தது. அங்கே அவள் அண்ணன் வீடு.

ஒரு வாரத்தில் வந்துவிடுவாள் என்று ஒச்சாண்டி இருந்தார். பேப்பர் படித்தார். ரெண்டு வரி படித்துவிட்டு ‘ம்’முக்குக் காத்திருந்தார். வரவில்லை. சேதி பெரிசாக இருந்தால் வரும் என்று தலைப்புச் செய்தியைப் படித்துப் பார்த்தார். அதற்கும் வரவில்லை. அதிலிருந்து பேப்பர் மடித்தபடியே கிடந்தது.

சனிக்கிழமை தவறாமல் குச்சனூர் கோயிலுக்குப் போய் எள் விளக்குப் போட்டார். போட்டுவிட்டு மச்சான் வீட்டுத் தெருமுனை வரைக்கும் நடப்பார். அவளாகப் போனவளை நாமாகக் கூப்பிடுவதா என்று ஒரு நினைப்பு வரும். திரும்பிவிடுவார். அவருக்கு ஏழரையும் கிடையாது, அட்டமமும் கிடையாது. இந்த ஆள் நம்மிடம் எதற்கு வருகிறான் என்று சனீஸ்வரனே குழம்பியிருக்க வேண்டும்.

ஒரே ஒரு ஆறுதல். மாசம் பிறந்தால் பஸ் கண்டக்டர் ஒரு ஊறுகாய் பாட்டிலை நீட்டுவார். “குச்சனூர்ல ஒரு அம்மா குடுக்கச் சொன்னாக.” நெல்லிக்காய் ஊறுகாய், கழுத்து வரைக்கும். கூட ஒரு வார்த்தை இருக்காது. ஒச்சாண்டி தொட்டு நக்கிப் பார்ப்பார். உப்பு அளவாக இருக்கும். அண்ணன் வீட்டு அடுப்படியில் லைட்டு இருக்கிறது என்று தெரிந்துகொள்வார்.

அந்த வருசம் ஆடி அமாவாசைக்கு அவள் சுருளித் தீர்த்தத்துக்குப் போகிற விடிகாலை பஸ்ஸில் வந்தாள். பஸ் இவர் வீட்டைத் தாண்டித்தான் போக வேண்டும். ஒச்சாண்டி வேப்பமரத்துக்குப் பின்னால் நின்று பார்த்தார். ஜன்னலோரம் அவள் முகம் தெரிந்தது. அவள் பார்த்தது மரத்தை இல்லை, அடுப்படி ஜன்னலை. அது இருட்டாக இருந்தது. முகத்தைத் திருப்பிக்கொண்டாள்.

அன்றைக்கே முன்னறை பல்பைக் கழற்றி அடுப்படியில் மாட்டினார். இப்போது முன்னறை இருட்டாகிவிட்டது. அவள் பொழுது சாய்ந்த பிறகு வந்தால், வாசலில் வெளிச்சம் இல்லையே, ஆள் இல்லை போல என்று திரும்பிப் போய்விட்டால்? பல்பை முன்னறைக்கே கொண்டுவந்தார். நாள் முழுக்க யோசித்து மறுபடி அடுப்படிக்குக் கொண்டுபோனார். தை பிறப்பதற்குள் இப்படி நூறு தடவை போய்வந்த அலுப்பில் பல்பு பீஸாகிவிட்டது.

அப்புறம்தான் ரெண்டு புதுப் பல்பு வாங்கிவைத்து, பம்புசெட்டு மோட்டார் பார்க்கும் அம்மாவாசியைக் கூப்பிட்டார். அவன் சுவருக்குள் வயரைக் கொடுத்து அடுப்படிக்கு ரெண்டாவது பல்பு மாட்டினான்.

“சுச்சு எங்கடா?”

“சுச்சு வச்சா ரெண்டாவது லைட்டு இருக்குன்னு கண்டுபிடிச்சுருவாகண்ணே. இது இருக்கிறதே யாருக்கும் தெரியாது.”

“எரியிதேடா!”

“எரியிறத எவன் பாக்கப் போறான்?” என்று கேட்டுவிட்டு அவன் கேரளாப் பக்கம் வேலைக்குப் போய்விட்டான்.

பல்பு ராப்பகலாக எரிந்தது. அடுப்படியில் அடைகிற சேவலுக்கு எப்போது விடிகிறது என்றே தெரியவில்லை. எதற்கும் இருக்கட்டும் என்று மணிக்கொரு தடவை கூவியது. அதை நம்பிப் பக்கத்து வீட்டில் ஒரே நாளில் மூன்று தடவை வாசல் தெளித்தார்கள். நாலாம் நாள் சேவலுக்குத் தொண்டை கட்டியது. அதன்பிறகு அது ஊரில் எது நடந்தாலும் வாயைத் திறப்பதில்லை. பெட்டைகள் மட்டும் நாளுக்கு ரெண்டு முட்டை வீதம் இட்டு, இளைத்து, பார்க்கவே பாவமாக இருந்தன.

சரியாக அந்தத் தையில்தான் இம்மானுவேல் வந்தார். அதுவரை அந்த வீட்டுக்குக் கணக்கெடுக்க யாரும் வந்ததில்லை. காக்கி பேண்ட், அக்குளில் நீள நோட்டு. ஓட்டு வீடுகளில் எழுதிவிட்டு நேராகக் கூரை வீட்டுக்குள் தலையைக் குனிந்து நுழைந்தார். ஒச்சாண்டி அடுப்படிக் கதவைச் சாத்தி அதன்மேல் சாய்ந்து நின்றார்.

“வீட்ல எத்தன பேருங்கய்யா?”

“நான் ஒருத்தன்தேன்.”

“சமையல் எல்லாம்?”

சமைக்கிறேன் என்றால் அடுப்படிக்கு வெளிச்சம் எங்கிருந்து என்று கேட்பார். ஒச்சாண்டிக்கு மூளை வேலை செய்தது.

“ஒத்த ஆளுக்கு எதுக்குங்க அடுப்படி? அவ போனதுல இருந்து அந்தக் கதவையே தொறக்கிறதில்ல. ஒரு ஆளு, ஒரு லைட்டு. நிம்மதியா இருக்கேன்.”

இம்மானுவேல் பேனாவைத் தூக்கிப் பிடித்தார்.

“நிம்மதின்னே எழுதிக்கிறவா?”

“எழுதிக்கங்க. ரொம்ப நிம்மதின்னு எழுதுங்க.”

“இருமல், சளி? ராத்திரி தூக்கம்லாம் வருதா?”

ஓசிக் கரண்டு என்றால் நாலு கேள்வி கூடத்தான் கேட்பாக என்று ஒச்சாண்டி நினைத்துக்கொண்டார். “படுத்தா விடிஞ்சுதேன் முழிப்பு” என்றார். அது பொய். அப்போது அவரும் சேவலும்தான் ஊரில் தூங்காமல் இருந்தார்கள்.

அடுத்த மாசம் ஊறுகாய் பாட்டிலில் பாதிதான் இருந்தது. நெல்லிக்காய் விலை ஏறிவிட்டது போல என்று ஒச்சாண்டி வருத்தப்பட்டார்.

பங்குனியில் இம்மானுவேல் வந்தபோது அடுப்படியில் கருவாட்டுக் குழம்பு கொதித்துக்கொண்டிருந்தது. கதவு இடுக்கில் வெளிச்சம் கோடு போட்டிருந்தது.

“அடுப்படியே தொறக்கிறதில்லன்னீக. உள்ள வெளிச்சமா இருக்கு, குழம்பு வாசன வருது?”

“அது... பக்கத்து வீட்டுச் சோணையம்மா. சிம்னி விளக்கு கொண்டாந்து வச்சுச் சமைச்சுத் தருது.”

பேனா நின்றது.

“தெனமுமா?”

“தெனமும்.”

“அவுகளுக்கு என்ன வயசிருக்கும்?”

சோணையம்மாளுக்கு எழுபத்திரண்டு வயசு. ரெண்டு கண்ணிலும் புரை. அடுப்பு எது அம்மி எது என்று தடவிப் பார்த்துத்தான் சொல்லும். அப்படிச் சொன்னால் இவர் நம்புவாரா? ஒச்சாண்டி நம்புகிற மாதிரி ஒரு வயசாகச் சொன்னார்.

“முப்பத்தஞ்சு.”

இம்மானுவேல் ஒரு வரி எழுதினார். அடித்தார். மறுபடி எழுதினார்.

சித்திரையில் பாட்டிலின் அடியில் நாலே நாலு நெல்லிக்காய் இருந்தது. ஒச்சாண்டி மாசம் முழுக்க வைத்துச் சாப்பிட்டார், வாரத்துக்கு ஒன்று.

வைகாசியில் வந்த இம்மானுவேல் நோட்டைத் திறக்கவே இல்லை. ரொம்ப நேரம் கூரையைப் பார்த்தார்.

“ஐயா, நான் சொல்லக் கூடாது. அந்தச் சோணையம்மாவ வர வேணாம்னு சொல்லிட்டா என்ன?”

சிம்னியை நிறுத்தினால் வெளிச்சத்துக்கு வேறு கணக்குச் சொல்ல வேண்டும். ஒச்சாண்டி பிடியை விடாமல் சொன்னார்.

“அதெப்படிங்க? அது வந்த பொறகுதான இந்த வீட்லயே வெளிச்சம்!”

இம்மானுவேல் எழுந்து போய்விட்டார். சைக்கிளைக்கூட ஏறி மிதிக்காமல் தள்ளிக்கொண்டே போனார்.

ஆனியில் கண்டக்டர் கொடுத்தது காலி பாட்டில். நன்றாகக் கழுவித் துடைத்திருந்தது. ஒச்சாண்டி மூடியைத் திறந்து மோந்து பார்த்தார். சோப்பு வாசம்தான் வந்தது. அன்றைக்கு அவர் கஞ்சியைத் தொடவில்லை. பாட்டிலை அடுப்படி ஜன்னலில் வைத்துவிட்டு, ஆடி அமாவாசைக்கு இன்னும் எத்தனை நாள் என்று விரல் விட்டு எண்ணினார். அவள் மறுபடி பஸ்ஸில் வருவாள். ஜன்னலைப் பார்ப்பாள். இந்தத் தடவை வெளிச்சம் இருக்கும். அது ஒன்று போதும்.

அமாவாசைக்கு இன்னும் அஞ்சு நாள் இருக்கும்போதுதான் இதோ, தெருமுனையில் சைக்கிள் சத்தம்.

சோணையம்மாளைப் பார்க்க வேண்டும் என்று கதவைத் திறந்துவிட்டால்? பல்பு ஒருவழியாகக் கழன்றது. எங்கே வைப்பது? காலடிச் சத்தம் வாசலுக்கு வந்துவிட்டது. வேட்டி மடிப்பில் செருகிக்கொண்டு முன்னறைக்கு ஓடி வந்து உட்கார்ந்தார். ஆறு மாசமாக அணையாமல் எரிந்த பல்பு. அதன் சூடு வேட்டியைத் தாண்டி உள்ளே இறங்கியது.

“எப்படி இருக்கீகய்யா?” என்றார் இம்மானுவேல், நோட்டை விரித்து.

“நல்லா... ஸ்ஸ்... நல்லாருக்கேன்.”

“என்னங்கய்யா, வேர்க்குது? நெஞ்சு வலிக்குதா?”

“இல்லல்ல. கொஞ்சம் கீழ.”

“கீழன்னா? வயிறா?”

“இன்னும் கொஞ்சம் கீழ... யாத்தே!”

ஒச்சாண்டி துள்ளி எழுந்தார். அறுபது வயசில் அவ்வளவு உயரம் யாரும் எழும்பியதில்லை. கூரை விட்டத்தில் தலை இடித்தது என்று சொன்னால் நம்ப மாட்டீர்கள், அதனால் சொல்லவில்லை. பல்பு தரையில் விழுந்து டப்பென்று வெடித்தது. முட்டையிட்டுக்கொண்டிருந்த பெட்டை ஒன்று அலறிக்கொண்டு அடுப்படிக் கதவைத் தள்ளித் திறந்தது. உள்ளே வயர், ஹோல்டர், வெறும் அடுப்பு. சோணையம்மாள் இல்லை. சிம்னி இல்லை.

இம்மானுவேல் ஹோல்டரைப் பார்த்தார். தரையில் கிடந்த கண்ணாடித் துண்டுகளைப் பார்த்தார்.

“அப்ப அந்த முப்பத்தஞ்சு வயசு...?”

“பொய்யிங்க. அது பல்லுப் போன கெழவி. எங்கூட்டு வாசலையே அது மிதிச்சதில்ல.”

“நிம்மதின்னீக?”

ஒச்சாண்டி அப்படியே தரையில் உட்கார்ந்துவிட்டார்.

“எங்கிட்டு இருந்துங்க நிம்மதி? அவ ‘ம்’ போடாம எனக்குப் பேப்பர்கூடப் படிக்க வரல. அடுப்படியில லைட்டு எரிஞ்சாத்தான் வருவேன்னு சொல்லிட்டுப் போனா. அதுக்குத்தேன் ஓசிக் கரண்டுல திருட்டுத்தனமா ரெண்டாவது பல்பு மாட்டுனேன். ஒங்களுக்குப் பயந்து கதவப் போட்டு மூடி, வாய்க்கு வந்த பொய்யெல்லாம் சொன்னேன். என்னைய என்ன வேணாலும் செஞ்சுக்கங்க. வயரப் புடுங்குங்க, ரெண்டு லைட்டையும் கொண்டுபோங்க. இன்னும் அஞ்சே நாளு விடுங்க. அமாவாசைக்கு அவ பஸ்ல இந்த வழியா வருவா. ஒரு தடவ, ஒரே ஒரு தடவ இந்த ஜன்னல்ல வெளிச்சத்தப் பாத்துட்டுப் போகட்டும். அதுக்கப்புறம் நான் இருட்டுலயே கெடந்துக்கிறேன்.”

சேவல் எட்டிப் பார்த்துவிட்டுப் பேசாமல் உள்ளே போனது.

இம்மானுவேல் நீள நோட்டில் ஒச்சாண்டி சொன்னதை எழுதிய பக்கங்களைக் கிழித்தார். நாலாய் மடித்துச் சட்டைப் பையில் வைத்தார். அப்புறம் ஒச்சாண்டிக்குப் பக்கத்தில் தரையில் வந்து உட்கார்ந்தார்.

“ஒத்த லைட்டு வீட்டுக்கு மீட்டரே கெடையாது, நான் எதைங்க மாமா கணக்கெடுக்கிறது? குச்சனூர்ல ஒங்க மச்சான் வீட்டு மாடியிலதான் குடியிருக்கேன். ‘அந்தப் பக்கம்தான போற தம்பி, அந்த மனுசன் சாப்பிட்டாரா தூங்குனாரான்னு ஒரு எட்டுப் பாத்து ஒண்ணு விடாம எழுதிட்டு வா’ன்னு தையில இருந்து அனுப்புறது ராமுத்தாயி அக்காதான்!”