அக்காவின் கலியாணத்தில் ஒரு ஜப்பான்காரர்

முதலிலேயே சொல்லிவிடுகிறேன், அந்த மெட்டில் ஒரு பிழையும் இல்லை. அதை அக்காவின் கலியாண மண்டபத்தில் போட்டதற்காகப் பலரிடம் மன்னிப்புக் கேட்டிருக்கிறேன். மெட்டுக்காக ஒருவரிடமும் கேட்டதில்லை, கேட்கவும் மாட்டேன்.

மெட்டை எழுதியவர் ஒரு ஜப்பானியப் பியானோக் கலைஞர். (பெயரைச் சொல்லமாட்டேன். சொன்னால் எங்கள் சனம் மலர்வளையம் அனுப்பும். மனிதர் உயிரோடு இருக்கிறார்.) ஓட்டல் முகப்பில், கரண்டிச் சத்தங்களுக்கு நடுவே வாசிக்கத் தொடங்கியவர். பிறகு கடைத்தொகுதிகளுக்கு எழுதினார், தொலைக்காட்சி வானிலை அறிக்கைக்கு எழுதினார், விளம்பரங்களுக்கு எழுதினார். லிஃப்டுக்குள் கேட்கிற இசை என்று பெரிய சங்கீதக்காரர்கள் திட்டினார்கள். அவர் பதில் சொல்லாமல் இன்னோர் இசைத்தட்டு போட்டார். மறுபடியும் திட்டினார்கள். மறுபடியும் போட்டார். அந்தப் பிடிவாதம் எனக்குப் பிடித்தது.

நான் ரயில்வே சிக்னல் பொறியியலாளர். சிவப்பு விளக்கு ஏன் இன்னும் சிவப்பாகவே இருக்கிறது என்று பகல் முழுக்கப் பார்த்துவிட்டு வருகிறவளுக்கு, யாராவது மெதுவாகப் பேசினால் போதும். அவர் இசை மெதுவாகப் பேசியது. அவருடைய இசைத்தட்டுகளை ஆண்டு, வாத்தியம், கேட்க உகந்த நேரம் என்று பிரித்து அட்டவணை போட்டு வைத்திருந்தேன். அப்போது எனக்கு இருபத்துநான்கு வயது. வேறு பொழுதுபோக்குகளும் உலகத்தில் இருந்தன.

அக்கா மணமேடைக்கு நடந்து வரும்போது மேளத்துக்குப் பதிலாகப் பியானோ வேண்டும் என்றாள். மெட்டைத் தேர்ந்தது நான், அன்றுவரை ஒருவருக்கும் போட்டுக் காட்டவில்லை. அப்பாவுக்குப் பிடிக்கவில்லை.

"நாதஸ்வரக்காரர் சும்மா இருக்கேக்கை, பெட்டிக்குள்ளாலை பியானோ என்னத்துக்கு?"

"நாலு நிமிசம்தானே அப்பா. நான் பொறுப்பு" என்றேன்.

"நாளைக்கு நான் தவமணியக்காவின்ரை முகத்திலை முழிக்க வேணும். ஒரு பிழையும் வரக்கூடாது."

தவமணி மாமி மாப்பிள்ளையின் அம்மா. கணவர் போய் இரண்டு வருடம். மகனின் கலியாணத்தில் முன்வரிசையில் இருப்பது சரியில்லை, பின்னால் எங்கேயாவது இருக்கிறேன் என்று சொல்லிக்கொண்டிருந்தார். அக்கா நேரில் போய், "நீங்கள் முன்னாலை இராவிட்டால் நான் உள்ளுக்கு வரமாட்டன்" என்று சொல்லி ஒப்புக்கொள்ள வைத்திருந்தாள். மாமி அந்த முன்வரிசை நாற்காலியில் கடைசிவரை இருக்க வேண்டும். அன்று அக்காவுக்கு வேண்டியிருந்தது அது ஒன்றுதான்.

நான் பதினேழு அம்சப் பரிசோதனைப் பட்டியல் தயாரித்தேன். ஒலிபெருக்கி, உதிரி வயர், உதிரி மடிக்கணினி, அந்த மடிக்கணினிக்கும் உதிரி வயர். லண்டன் கோலியர்ஸ் வுட் வீட்டு முன்னறையில் அக்காவைச் சேலையோடு, பாட்டில்லாமல், மூன்று முறை நடக்கவிட்டு வேகத்தை அளந்தேன். எங்கள் சனம் இந்த மெட்டை ஏற்கெனவே எங்கே கேட்டிருக்கும் என்ற கேள்வி மட்டும் பட்டியலில் இல்லை.

குரோய்டன் மண்டபம். கதவு திறந்தது. அக்கா வாசலில். நான் பொத்தானை அழுத்தினேன். முதல் நான்கு சுரத்திலேயே மண்டபம் அமைதியானது. (ரசிக்கிறார்கள் என்று நினைத்தேன்.) பின்வரிசை ஆண்கள் எழுந்து நின்றார்கள். (மரியாதை என்று நினைத்தேன்.) பிறகு தலையைக் குனிந்தார்கள்.

"ஆராம்?" என்று ஒரு குரல்.

"தெரியேல்லை. பேர் இன்னும் சொல்லேல்லை."

என் பக்கத்தில் நின்ற பெரியப்பாவின் வாய், அவர் அனுமதி கேட்காமலே, முணுமுணுத்தது: "கோண்டாவிலைப் பிறப்பிடமாகவும், டூட்டிங்கை வதிவிடமாகவும் கொண்ட…" பாதியில் விழித்துக்கொண்டு என்னைப் பார்த்தார். "என்ன பிள்ளை, மரண அறிவித்தலைப் போட்டிருக்கிறாய்?"

தமிழ் வானொலியில் தினமும் மரண அறிவித்தல் வாசிக்கும்போது பின்னணியில் ஓடுவது அந்த மெட்டுத்தான். எங்கள் வீட்டுக் குசினியிலும் அதே வானொலிதான். அது எனக்கு ஏன் தெரியாமல் போனது? அந்த நேரம் நான் மேல்மாடியில் ஹெட்ஃபோன் மாட்டிக்கொண்டு அதே மெட்டைத்தான் கேட்டுக்கொண்டிருந்தேன். கீழே இறந்தவர்களுக்காக, மேலே எனக்காக.

நிறுத்தினேன். அக்கா ஒற்றைக் காலை முன்னே வைத்தபடி நின்றாள். மாமி எழுந்து கைப்பையை எடுத்துவிட்டார். "பாவம், அவவின்ரை மனுசனுக்கும் மூண்டு நாள் இதைத்தான் போட்டவங்கள்" என்று யாரோ சொன்னது மண்டபம் முழுக்கக் கேட்டது.

புத்தியுள்ள எவளும் மேளக்காரருக்குக் கண்ணைக் காட்டியிருப்பாள். நான் மைக்கை எடுத்தேன்.

"எல்லாரும் இருங்கோ. இது செத்தவீட்டுப் பாட்டில்லை. முதலாவது, இதை எழுதினவர் உயிரோடை இருக்கிறார். ரெண்டாவது, அவர் இதைத் துக்கத்திலை எழுதேல்லை. மூண்டாவது, இது சலவைத் தூள் விளம்பரத்துக்கு எழுதினது."

நான்காவதும் இருந்தது. சொல்லவில்லை. ஐயரின் கையில் நெய்க்கரண்டி அந்தரத்தில் நின்றது. ஒரு பெண்ணின் மூன்று நாள் துக்கத்தைச் சலவைத் தூள் ஆக்கிவிட்டிருந்தேன், அதுவும் நானே பரிசோதித்த ஒலிபெருக்கிகளில், மிகத் தெளிவாக.

மாமி என்னையே பார்த்தார். "என்னது, உடுப்புத் தோய்க்கிற தூளோ?"

"ஓம் மாமி."

"வெள்ளை உடுப்புக்கோ?"

"ஓம் மாமி. வெள்ளைச் சேட்டுக்கு."

மாமி சேலைத் தலைப்பால் வாயை மூடிக்கொண்டு குனிந்தார். தோள்கள் குலுங்கின. அழவைத்துவிட்டேன் என்று நினைத்தேன். நிமிர்ந்தபோது சிரித்துக்கொண்டிருந்தார்.

"என்ரை மனுசன் சேட்டிலை ஒரு பொட்டு மஞ்சள் இருந்தாலும் வாசலைத் தாண்டமாட்டார். பொருத்தமானதைத்தான் போட்டிருக்கிறாங்கள்."

அப்பா ஓடிவந்தார். "தவமணியக்கா, மேளத்தை வாசிக்கச் சொல்லுறன்."

"வேண்டாம் தம்பி. அறிவிப்பாளர் எப்பவும் நடுவிலை வந்து பேர் வாசிக்கத் தொடங்கிடுவான். இது எப்பிடி முடியுதெண்டு நான் ஒருநாளும் கேட்டதில்லை." கைப்பையைக் கீழே வைத்துவிட்டு உட்கார்ந்தார். "முழுக்கப் போடு பிள்ளை."

"முகூர்த்தம் போகுது" என்றார் ஐயர்.

"நாலு நிமிசம்தானே ஐயா" என்றார் மாமி.

அக்கா வாசலுக்குத் திரும்பிப் போய் மறுபடியும் நடந்து வந்தாள். பெரியப்பாவின் உதடு அசைந்தபோதெல்லாம் பெரியம்மா முழங்கையால் இடித்தார். மெட்டு முடியும் இடத்தில் மூன்று சின்னச் சுரங்கள் மேலே ஏறும். அதைக் கேட்டு மாமி தலையை ஆட்டினார். தாலி கட்டி முடியும்வரை அந்த நாற்காலியை விட்டு எழும்பவே இல்லை.

இப்போது எங்கள் குடும்பத்தில் நான் மடிக்கணினியைத் திறந்தாலே யாராவது "ஆர் பிள்ளை?" என்று கேட்கிறார்கள். பிறந்தநாள் வீடுகளுக்கு முன் அப்பா, "பாட்டொண்டும் கொண்டு வரேல்லைத்தானே?" என்பார். கொண்டுதான் போகிறேன்.

மாமி அந்த மெட்டைத் தன் கைத்தொலைபேசியின் மணியோசைக்குக் கேட்டார். தொடக்கத்தையும் முடிவையும் ஒட்டி நான்தான் வெட்டிக் கொடுத்தேன். போன கிழமை டூட்டிங் பலசரக்குக் கடையில் நானும் மாமியும் வரிசையில் நிற்க, அது அடித்தது. முன்னால் நின்ற ஒருவர் முருங்கைக்காய்க் கட்டை மார்போடு அணைத்துத் தலையைக் குனிந்தார். கடைசி மூன்று சுரம் வரும்வரை மாமி எடுப்பதில்லை. அக்காவுக்கும் அது தெரியும், விடாமல் அடிப்பாள்.

"ஆர் அக்கா, தெரிஞ்ச ஆக்களோ?" என்று முன்னால் நின்றவர் மாமியிடம் மெல்லக் கேட்டார்.

"என்ரை மருமகள்" என்றார் மாமி. "புளி வாங்கச் சொல்லப்போறாள்."